இடது பக்கம் நின்றால் கேட்காது

தம்பி, கையில கட்டியிருக்கீங்களே பச்சைப் பட்டை, அது நேத்து சாயங்காலக் கச்சேரியோடதுதானே? பஸ்ல ஏறும்போதே பாத்துட்டேன். அறுத்துப் போடாதீங்க, இருக்கட்டும். என்னைத் தெரியலயா? நல்லாப் பாருங்க. சரி, தொப்பியக் கழட்டுறேன், இப்பப் பாருங்க. 'ரெண்டாம் கேட்' பேண்டுல கீபோர்டு வாசிக்கிறேன்ல, குணசீலன். மேடையில பின்னாடி புகை கக்குற மிஷின் ஒண்ணு இருக்கும்ல, அதுக்குப் பக்கத்துல நிப்பேன். இந்த டூர்லதான் லைட்டு போடுற பையன் என்னை அங்க நகத்தி வச்சான். கீபோர்டுக்காரன் கொஞ்சம் மர்மமா இருக்கணுமாம். நல்ல யோசனைதான்.

மத்தவங்கல்லாம் காலையில சென்னைக்கு பிளைட்ல போயிட்டாங்க. டிக்கெட் ஒண்ணு கொறஞ்சு போச்சு. நிரஞ்சன் ரொம்ப சங்கடப்பட்டான். நிரஞ்சன்தான் பாடுறவன்னு உங்களுக்கு நான் சொல்லணுமா என்ன. நான்தான் சொன்னேன், விடுடா, எனக்கு எப்படியும் திருச்சியில எறங்கணும்னு. பொய் இல்ல. இன்னைக்கு எனக்கு ஊர்ல ஒரு முக்கியமான வேலை இருக்கு, கடையை எழுதிக் குடுக்கப் போறேன். ரேடியோ, ஆம்ப்ளிபயர் ரிப்பேர் பாக்குற கடை, அப்பா காலத்துக் கடை. கடையையும் பேண்டையும் சேத்துப் பாக்க முடியல தம்பி. எதையாவது ஒண்ண விட்டுத்தானே ஆகணும்.

பேண்டு எப்படி ஆரம்பிச்சதுன்னு நெட்ல படிச்சிருப்பீங்க. அத எழுதிப் போட்டதே நான்தான், அதனால அதுல கொஞ்சம் முன்னப்பின்ன இருக்கும். உள்ளது என்னன்னா, பொன்மலையில ரயில்வே கேட் பக்கத்துலதான் நம்ம கடை. சவரின்னு ஒரு அண்ணன், சவரிமுத்து, ரயில்வே ஒர்க்‌ஷாப்புல பிட்டர் வேலை. ஒருநாள் ஆம்ப்ளிபயர் ரிப்பேருக்குக் கொண்டாந்தாரு. சரி பண்ணிக் குடுத்தேன். வேலை செய்யுதான்னு பாக்க கிட்டாரச் சொருகி கம்பிய ஒரு இழு இழுத்தாரு பாருங்க, எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. ஒர்க்‌ஷாப்புல காலையில சங்கு ஊதும், ஊர் முழுக்கக் கேக்கும். அதே சங்கு. அடிவயித்துலேருந்து கெளம்பி, மேல ஏறி, அங்கயே நின்னு, மெதுவா எறங்குது. தெருவுல போன ஆளு கைக்கடிகாரத்தப் பாத்தான் தம்பி, நம்பினா நம்புங்க.

அன்னைக்கே சொன்னேன், அண்ணே, நாம ஒரு பேண்டு போடுவோம்னு. அவரு சிரிச்சாரு. அவருக்கு என்ன தெரியும், வேலைக்குப் போவாரு, வருவாரு, வீட்டுல சம்சாரம் லில்லி அக்காவுக்கு வாசிச்சுக் காட்டுவாரு. நான்தான் ஷாகுலப் புடிச்சேன், அவன் கல்யாண ஊர்வலத்துல டிரம் அடிச்சுக்கிட்டிருந்தான். நான்தான் நிரஞ்சனப் புடிச்சேன், இன்ஜினியரிங் காலேஜ்ல படிச்சுக்கிட்டே பாடிக்கிட்டிருந்தான், குரலும் இருந்துச்சு, முடியும் இருந்துச்சு. மெட்டெல்லாம் சவரி அண்ணன்தான் போட்டாரு, அத நான் மறுக்க மாட்டேன். ஆனா மெட்டு யாரு வேணா போடலாம். அதக் கொண்டுபோயி நாலு சனத்துக்கிட்ட சேக்கணும்ல, அதுதான் வேலை.

அந்தக் காக்கிச் சட்டை இருக்கே, அது என் மூளை. மொதல் காலேஜ் போட்டிக்கு அவரு ஷிஃப்ட் முடிஞ்சு நேரா வந்துட்டாரு, சட்டையெல்லாம் கிரீஸு. மாத்திக்கிறேன்னாரு. மாத்தாதீங்கன்னேன். அன்னைக்கு ஒரு பொண்ணு எடுத்த வீடியோதான் தம்பி எங்களத் தூக்கிவிட்டுச்சு. காக்கிச் சட்டையில ஒரு தொழிலாளி, கண்ண மூடிக்கிட்டு கிட்டார்ல சங்கு ஊதுறாரு. லட்சக்கணக்குல பாத்தாங்க. அப்புறம் எங்க போனாலும் காக்கிதான். லீவு நாளுன்னா சட்டை சுத்தமா இருக்கும், நானே கொஞ்சம் கிரீஸ் தடவி விடுவேன். அவருக்குக் கூச்சம். லில்லி அக்கா ஒருதடவ கேட்டாங்க, தொவைக்கிறது நான்தானே, எனக்குத் தெரியாம இது எங்கேருந்து வருதுன்னு. நான் சிரிச்சு மழுப்பிட்டேன்.

அப்புறம்தான் கை போச்சு. சேலத்துல வாசிச்சுட்டு வேன்ல ஏறுறோம். நான் கதவ இழுத்துச் சாத்துறேன், இவரு கைய வச்சுக்கிட்டு நிக்கிறாரு. கதவு சாத்துறான்னா கைய எடுக்க வேணாமா? எடது கை, மோதிர விரலும் சுண்டு விரலும் நசுங்கிப் போச்சு. ஆஸ்பத்திரிக்கு நான்தான் கூட்டிட்டுப் போனேன், ராத்திரி பகல்னு பாக்காம கூடவே இருந்தேன், அத இன்னைக்கு வரைக்கும் யாரும் சொல்றதில்ல. விரலு சேந்துச்சு. ஆனா மடங்கல. கம்பிய அழுத்தி மேல இழுக்கணும்ல, அங்கதான் சங்கு ஏறும். இவரு இழுத்தா பாதி ஏறும், அங்கேருந்து தொபுக்குன்னு விழும். கேக்கவே பாவமா இருக்கும்.

நீங்களே சொல்லுங்க, அப்ப என்ன பண்றது? பெரிய பெரிய மேடை எல்லாம் வர்ற நேரம். ஆள மாத்தலாம்னா, போஸ்டர்ல இருக்குறதே அவரு மொகம். கூப்பிடுறவன் எல்லாம், அந்தக் காக்கிச் சட்டைக்காரர் வருவாருல்லன்னுதான் கேக்குறான். நிரஞ்சன் அவருகிட்ட சொல்லிடலாம்னான். யாரு சொல்றது? நீ சொல்லு, நான் சொல்ல மாட்டேன், இதுலயே ஒரு மாசம் போச்சு. அப்பத்தான் எனக்கு அந்த யோசனை வந்துச்சு.

மேடையில நாங்க காதுல ஒண்ணு மாட்டியிருப்போம்ல, பாத்திருப்பீங்க. எங்க காதுல கேக்குறது வேற, வெளிய பெரிய ஸ்பீக்கர்ல உங்களுக்குக் கேக்குறது வேற. ரெண்டுக்கும் தனித்தனி. மிக்ஸர்ல ஒரு குச்சி மாதிரி இருக்கும், ஏத்துனா சத்தம், எறக்குனா ஒண்ணுமில்ல. சவரி அண்ணனோடத வெளிய எறக்கிட்டேன். காதுல மட்டும் விட்டுட்டேன். கை நல்லா இருக்கும்போது அவரு வாசிச்சதெல்லாம் பதிவு பண்ணி வச்சிருந்தேன், அத லேப்டாப்புலேருந்து வெளிய ஓட்டினோம். அவரு மேடையில வாசிப்பாரு, சனம் கேக்குறதும் அவரு வாசிச்சதுதான், என்ன, பழசு. யாரையும் ஏமாத்தலியே. வேற ஒருத்தன் வாசிச்சத ஓட்டியிருந்தா அது தப்பு.

மொத நாளு அவரு பயந்துக்கிட்டேதான் ஏறுனாரு. சங்கு முடிஞ்சதும் கூட்டம் ஒரு கத்து கத்துச்சு பாருங்க. எறங்கி வந்து என்னைக் கட்டிப் புடிச்சு அழுதுட்டாரு. காதுல எனக்குக் கோணலாத்தான் கேட்டுச்சு குணான்னாரு. காதுல அப்படித்தாண்ணே கேக்கும், வெளிய அமிர்தமா இருந்துச்சுன்னேன். வீட்டுக்குப் போயி சனம் எடுத்த வீடியோவெல்லாம் பாத்திருக்காரு. எல்லாத்துலயும் சங்கு கம்பீரமா ஏறுது. அப்புறம் கை மேல சந்தேகம் போயிடுச்சு, காது மேல வந்துடுச்சு. காது டாக்டர்கிட்ட போயி டெஸ்டெல்லாம் எடுத்தாரு. டாக்டர் ஒண்ணுமில்லைன்னுட்டாரு. உள்ளூரு டாக்டருக்கு என்ன தெரியும்னு மதுரைக்கு வேற போயிட்டு வந்தாரு. எங்களுக்குச் சிரிப்பு தாங்கல. தப்பா எடுத்துக்காதீங்க, வேன்ல நாள் முழுக்க உக்காந்திருப்போம், எதாவது பேசணும்ல.

லில்லி அக்காதான் கொஞ்சம் கெட்டி. ஒரு கச்சேரி முடிஞ்சு என்னைத் தனியாக் கூப்பிட்டு, வீட்டுல வாசிக்கும்போது வேற மாதிரி கேக்குதே தம்பி, இங்க எப்படி பழைய மாதிரி கேக்குதுன்னாங்க. எங்க நின்னு கேட்டீங்கன்னேன். மேடைக்கு எடது பக்கம்னாங்க. எடது பக்கம் நின்னா அப்படித்தாங்க்கா, சரியாக் கேக்காது, அங்க கிட்டார் தெரியாது, சத்தம் மாறி வரும்னு சொன்னேன். அவங்க தலையாட்டிக்கிட்டுப் போயிட்டாங்க. எதாவது சொல்லணுமேன்னு வாயில வந்ததுதான் அது. சவுண்டு விஷயத்துல எடது பக்கம்னு சொன்னா எவனும் மறுபேச்சு பேச மாட்டான்.

ஒருநாள் சவரி அண்ணன் கடைக்கு வந்தாரு, கையில மைசூர்பாகு டப்பா. வேலைய விடப் போறாராம். விருப்ப ஓய்வு. டூருக்கு லீவு கேட்டுக் கேட்டு மேல உள்ளவங்ககிட்ட அசிங்கமாப் போச்சு, கையும் சரியாயிடுச்சு, இனிமே முழுசா இதுலயே எறங்கிடுறேன்னாரு. ரெண்டு பொட்டப் புள்ளைங்க அவருக்கு. கதவோரம் நின்னுக்கிட்டே கேட்டாரு:

"குணா, நீ சொல்லு. என் காதை நான் நம்பல, உன் காதைத்தான் நம்புறேன். கை சரியாத்தானே இருக்கு? உன் வார்த்தைய வச்சுத்தான் எழுதிக் குடுக்கப் போறேன்."

"நல்ல முடிவுண்ணே"ன்னேன். பின்ன என்ன சொல்றது? அந்த மாசம்தான் பெங்களூர், ஹைதராபாத்னு வரிசையா தேதி விழுந்திருந்துச்சு. லீவு கெடைக்கலைன்னு அவரு நின்னுட்டா போஸ்டருக்கு எங்க போறது? அதுவும் இல்லாம, அவரு என்ன பச்சப் புள்ளையா? கையெழுத்துப் போட்டது அவரு கை. நானா புடிச்சுப் போட வச்சேன்?

கரூர் வந்துடுச்சு. டீ குடிக்கிறீங்களா? வேணாமா, சரி. ஜன்னலச் சாத்திக்கங்க, வெயிலு வருது.

அப்புறம் பொன்மலையிலேயே ஒரு கச்சேரி வச்சோம். சொந்த ஊரு. கிரவுண்டு நெறைஞ்சுபோச்சு. ஒர்க்‌ஷாப்புல அவரோட வேலை பாத்தவங்கல்லாம் குடும்பத்தோட வந்திருக்காங்க. லில்லி அக்காவும் புள்ளைங்களும் முன்னாடி நாற்காலியில. சங்குப் பாட்டு வந்துச்சு. எல்லா லைட்டையும் அணைச்சு, அவரு மேல மட்டும் ஒரு லைட்டு. கூட்டத்துல பொட்டுச் சத்தம் இல்ல, தெனமும் கேக்குற சங்குதான், ஆனாலும் காத்துக்கிட்டிருக்காங்க. அவரு கண்ண மூடிக்கிட்டு கம்பிய இழுக்குறாரு. லேப்டாப்பு நின்னுபோச்சு.

ஒண்ணும் வரல தம்பி. அவரு காதுல அவரு வாசிக்கிறது வருது, வெளிய ஒண்ணுமில்ல. இவரு தலைய ஆட்டுறாரு, விரல் ஓடுது, மொகத்துல அப்படி ஒரு சந்தோஷம். ஊமைப் படம் மாதிரி. மொதல்ல எவனோ சவுண்டு சவுண்டுன்னான். அப்புறம் ஒரு சிரிப்பு. அப்புறம் அவரோட வேலை பாத்தவன் ஒருத்தன் வாயாலயே சங்கு ஊதுனான், ஊஊன்னு. பக்கத்துல இருந்தவன் ஊதுனான். அப்படியே பத்திக்கிச்சு, மொத்த கிரவுண்டும் ஊஊன்னு ஊதுது. இவரு கண்ணத் தொறந்தாரு. எல்லார் வாயும் ஊதுறது தெரியுது. தன்னோட சேந்து பாடுறாங்கன்னு நெனைச்சுட்டாரு. சிரிச்சுக்கிட்டே கையக் காதுகிட்ட வச்சு, இன்னும் சத்தமா, இன்னும் சத்தமான்னு கேக்குறாரு. அவனுங்களும் இன்னும் சத்தமா ஊதுறானுங்க.

நிரஞ்சன் திரும்பி நின்னு தண்ணி குடிச்சான். ஷாகுல் டிரம் குச்சியக் கீழ வச்சுட்டான். மிக்ஸர்ல இருந்த பையன் என்னைப் பாத்துக் கையக் காட்டுறான், அண்ணே அவரு குச்சிய ஏத்திடவான்னு. வேணாம்னு தலையாட்டினேன். அந்தக் கோணல் சங்கு வெளிய கேட்டா ஆளு மானமே போயிடும்ல. அவரு மானத்தக் காப்பாத்துனது நான்தான், ஆனா எங்க சொல்றது.

லில்லி அக்கா மேடை ஏறி வந்தாங்க. அவரு காதுல இருந்தத ஒண்ணு ஒண்ணாப் புடுங்குனாங்க. அவரு அப்பவும் வாசிச்சுக்கிட்டுத்தான் இருக்காரு. கம்பிய ஒரு இழு இழுத்தாரு. கொசு கத்துற சத்தம்கூட வரல. சனம் ஊதுறது மட்டும்தான் வருது. தன் கையப் பாத்தாரு, கீழ ஒர்க்‌ஷாப் ஆளுங்களப் பாத்தாரு. அவரோட சின்னப் பொண்ணு நாற்காலியில மொகத்த மூடிக்கிட்டு உக்காந்திருந்துச்சு. அப்புறம் நேரா எங்கிட்ட வந்தாரு.

"எப்பலேருந்து குணா?"

"இன்னைக்குத்தாண்ணே. லேப்டாப்பு..."

அவரு கோவப்படுவாருன்னு நெனைச்சேன், நாலு அறை விடுவாருன்னு நெனைச்சேன். "அப்ப என் காது சரியாத்தான் இருந்திருக்கு"ன்னாரு. அவ்வளவுதான். கிட்டாரக் கழட்டி என் கீபோர்டு மேல வச்சுட்டு எறங்கிப் போயிட்டாரு. கீபோர்டு மேலயா வைப்பாங்க? ரெண்டு கட்டை உள்ள போயிடுச்சு.

மறுநாளு அந்த வீடியோ ஊரெல்லாம் ஓடுது. எங்க பேரு நாறிடும்னு நெலமை. நான்தான் உக்காந்து அறிக்கை எழுதினேன். சவரி அண்ணன் கையில உள்ள பிரச்சனைய எங்ககிட்ட மறைச்சுட்டாரு, எங்களுக்கே அதிர்ச்சியா இருக்கு, இருந்தாலும் அவர நாங்க மன்னிக்கிறோம், அவரு நல்லா இருக்கணும்னு வேண்டிக்கிறோம்னு. நிரஞ்சன் கண்ணுல தண்ணியோட அதப் படிச்சு வீடியோ போட்டான். சனம் எங்க மேல எப்படிப் பரிதாபப்பட்டாங்க தெரியுமா. அதுக்கப்புறம்தான் தம்பி நாங்க எங்கயோ போனோம். சிங்கப்பூர் எல்லாம் அதுக்கப்புறம்தான்.

இதுல எனக்கு ஒரே ஒரு வருத்தம். போன தை மாசம் ஒரு கல்யாணத்துக்குப் போறேன் கார்ல. மண்டபத்து வாசல்ல வண்டிய ஒழுங்கு பண்ணிக்கிட்டு சவரி அண்ணன் நிக்கிறாரு. காக்கிச் சட்டை, வாயில விசிலு. கண்ணாடிய எறக்கி, அண்ணேன்னேன். அவரு என்னைப் பாத்தாரு. "கொஞ்சம் லெஃப்டுல ஒடிங்க சார்"னாரு. சார்னு கூப்பிட்டாரு தம்பி, என்னை. ஆஸ்பத்திரியில கெடையாக் கெடந்தப்ப சோறு ஊட்டுனவன் நான். எத்தனை மாசம் அந்த மனுசன மேடையில ராஜா மாதிரி வச்சிருந்தேன். ஒரு நன்றி வேணாமா? அந்தச் சோகத்துல எனக்குப் பந்தியில சாப்பாடே எறங்கல.

அத விடுங்க. இப்ப நல்லா இருக்கோம். மிக்ஸருக்கு கோகுல்னு ஒரு புதுப் பையன் வந்திருக்கான், தங்கம். மரியாதை தெரிஞ்சவன். எல்லா வித்தையும் நான்தான் சொல்லிக் குடுத்தேன், எந்தக் குச்சி எதுக்கு, வெளிய எது, காதுல எதுன்னு. வந்து ஒரு வாரத்துல, அண்ணே, உங்க காதுக்குத் தனியா நல்லா செட் பண்ணித் தரேன்னான். அன்னைலேருந்து என் கீபோர்டு காதுல தேனாட்டம் கேக்குது தம்பி. இவ்வளவு வருசத்துல அப்படிக் கேட்டதில்ல. முந்தியெல்லாம் நிரஞ்சன் நடுப்பாட்டுல திரும்பி மொறைப்பான், என்னண்ணே தாளம் விடுதுன்னு. இப்ப மொறைக்கிறதே இல்ல. திரும்பியே பாக்குறதில்ல. கடையக் குடுத்துட்டு முழுசா வந்துடுறேன்னு போன வாரம் அவன்கிட்ட சொன்னேன். போன்ல எதையோ பாத்துக்கிட்டிருந்தவன், நல்ல முடிவுண்ணேன்னான்.

என்ன தம்பி?

கீபோர்டே கேக்கலயா? நேத்தா? நேத்து நான் வாசிச்ச மாதிரி என்னைக்கும் வாசிச்சதில்லயே. நீங்க எந்தப் பக்கம் நின்னீங்க? நடுவுலயா? நடுவுலன்னா நட்ட நடுவுல நின்னிருக்க மாட்டீங்க, கொஞ்சம் எடது பக்கமா ஒதுங்கித்தான் நின்னிருப்பீங்க. எடது பக்கம் நின்னா கேக்காது.

வீடியோ இருக்கா? குடுங்க, காட்டுங்க. சத்தம் வைங்க. ம். இது ஷாகுல். இது நிரஞ்சன். இந்த எடத்துல நான் வரணும், ரெண்டு கையாலயும் ஒரு ஓட்டம் ஓடி... இது நான் இல்லயே. இது ஏதோ வயலின் மாதிரி இருக்கு. நாங்க வயலின் வைக்கிறதே இல்லயே. போன்ல அப்படித்தான் தம்பி பதிவாகும், இந்த போன் மைக்கையெல்லாம் நம்பக் கூடாது. இன்னொரு தடவ போடுங்க. கொஞ்சம் முன்னாடிலேருந்து.

வேணாம், நிறுத்துங்க.

எங்கயும் போட்டுறாதீங்க தம்பி அத. குளித்தலை தாண்டிட்டோம்ல? கண்டக்டர் வந்தா சொல்லுங்க, நான் பத்திர ஆபீஸ்கிட்ட எறங்கிக்கிறேன். வாங்குறவங்க வந்து காத்துக்கிட்டிருக்காங்களாம், இப்பத்தான் போன் பண்ணாங்க.